கச்சான்

"கப்டனோட தனி போட் ஒண்டு பிடிச்சுத் தரட்டோ அண்ணை?" என்று நிலாவெளியில் நான் தங்கியிருந்த விடுதிப் பையன் கேட்டான். சேலத்துக்காரன் காதில் கேப்டன் என்ற சொல் விழுந்தால் கடல் நினைவுக்கு வராது. சுவரில் ஒரு காலை ஊன்றிச் சுழன்று மறுகாலால் உதைக்கிற விஜயகாந்த்தான் வருவார். அந்த மிடுக்கில் பாதியாவது இருக்கும், ஒரு வெள்ளைச் சட்டையாவது போட்டிருப்பார் என்று நம்பிக் காலை ஆறரைக்குக் கரைக்குப் போனேன். வந்தவர் அறுபதை ஒட்டிய மெலிந்த மனிதர். முழங்காலுக்கு மேலே மடித்துக் கட்டிய லுங்கி, அங்கே அதற்குச் சாரம் என்று பேர். வெளுத்த பனியன். காதில் சொருகிய பாதி பீடி. அவருடைய கப்பல், நீலச் சாயம் உரிந்த ஒரு ஃபைபர் போட்.

நான் சரக்கு விஷயமாகத் திருகோணமலை வந்தவன். இளம்பிள்ளையில் எங்களுக்குச் சேலை வியாபாரம். நகரத்தில் ஒரு கடைக்காரரைப் பார்த்துப் பேச வேண்டிய வேலை இரண்டு நாளில் முடிந்துவிட்டது. கோணேசர் கோயிலைப் பற்றி எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள். எனக்கு வேறொரு ஆசை. ஒரு படகு முழுவதையும் நானே வாடகைக்குப் பிடிக்க வேண்டும், கைநீட்டிய பக்கமெல்லாம் அது போக வேண்டும். நான் அதுவரை பயணம் செய்த பெரிய நீர், பூலாம்பட்டிக் காவிரிதான். கதவணைக்கு மேலே தேங்கிய தண்ணீரில் விசைப்படகேறி அக்கரை நெரிஞ்சிப்பேட்டையில் இறங்கினால் சேலம் மாவட்டம் முடிந்து ஈரோடு மாவட்டம் வந்துவிடும். ஆட்டுக்குட்டியும் மோட்டார் சைக்கிளும் கூட ஏறிவரும். அங்கே ஆளுக்கு இவ்வளவு என்று காசு. இங்கே போட்டுக்கு இவ்வளவு.

"நான் ஒருத்தன்தானுங்க. எட்டுப் பேர் காசை ஒருத்தன் எப்படிங்க கொடுக்கறது?"

"எட்டுப் பேர் வந்தாலும் எஞ்சின் இதே எண்ணெயத்தான் குடிக்கும்."

"எட்டுப் பேர் பாரத்துக்குக் கூடக் குடிக்குமுங்களே. அந்த மிச்சத்தைக் கழிச்சுக்கோங்க."

முப்பது வருஷமாக மொத்த வியாபாரம் செய்பவன் என்பதால் இதில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. அவர் பதில் சொல்லாமல் பீடியைப் பற்றவைத்துக்கொண்டு கடலைப் பார்த்தார். வாங்குபவன் பேசப் பேச, விற்பவன் வாயே திறக்காமல் இருப்பது எங்கள் தொழிலில் உச்சபட்ச வித்தை. கடைசியில் அவர் சொன்ன தொகையையே கொடுத்தேன்.

"எந்த ஊர்?"

"இளம்பிள்ளைங்க."

"இளம்பிள்ளை வாதமோ?"

வெளியூரில் பத்துக்கு ஏழு பேர் இதைத்தான் கேட்பார்கள். கடல் தாண்டியும் கேட்பார்கள் என்று நினைக்கவில்லை. வாதம் இல்லைங்க, வெறும் இளம்பிள்ளை, சேலத்துக்குப் பக்கம், வீட்டுக்கு வீடு தறி ஓடும் என்றேன். இலங்கையில் எவரைப் பார்த்தாலும் சினிமாவைப் பற்றித்தான் விசாரிப்பார்கள் என்று கிளம்பும்போது ஒரு நண்பர் சொல்லி அனுப்பியிருந்தார். இவர் கேட்டது ஒன்றே ஒன்று: "ஒரு சீலை நெய்ய எவ்வளவு நேரம் பிடிக்கும்?" விசைத்தறியில் ஒரு நாளில் இத்தனை என்று கணக்குச் சொன்னேன். "அப்ப மீன் பிடிக்கிற மாதிரி இல்ல" என்று தலையை ஆட்டினார்.

வனவிலங்குத் திணைக்களத்தின் சீட்டு வாங்கிக்கொண்டு ஏறினோம். எதிரே ஒரு கிலோமீட்டர் தூரத்தில் தீவு. புறாத்தீவு என்று பலகை சொல்கிறது, ஊர்க்காரர்கள் வாயில் அது புறாமலை. தினம் கஞ்சமலை முகத்தில் விழித்து வளர்ந்த எனக்கு, பாறைகள் குவிந்த அந்தத் திட்டை மலை என்று ஒப்புக்கொள்ள மனம் வரவில்லை. எஞ்சின் கயிற்றை அவர் ஒரே இழுப்பில் இழுத்ததும் வந்த சத்தத்தில்தான் சற்று நிம்மதி வந்தது. தடதடவென்று விடாமல் அடிக்கும் சத்தம். எங்கள் தெருவில் மின்சாரம் நின்று தறிகள் ஓய்ந்தால்தான் குழந்தைகள் விழித்துக்கொண்டு அழும். அந்த மாதிரி, இந்தச் சத்தம் ஓடும்வரை ஒன்றும் ஆகாது என்று அணியத்தில் கால் நீட்டி உட்கார்ந்தேன்.

"கச்சான் வர முதல் திரும்ப வேணும்" என்றார்.

முந்தின நாள் மாலைதான் திருகோணமலைக் கடற்கரையில் ஒரு பாடம் படித்திருந்தேன். கச்சான் என்றால் நிலக்கடலை. வறுத்துக் காகிதச் சுருளில் விற்கிறார்கள். எங்கள் ஊரில் அது கல்லக்கா. தெரிந்த சொல் அகப்பட்ட மகிழ்ச்சியில், "வந்தா ரெண்டு சுருள் வாங்கிட்டே போலாமுங்க" என்றேன்.

அவர் எஞ்சின் பிடியைத் தளர்த்திவிட்டு என்னை ஒரு நிமிஷம் பார்த்தார். பிறகு சிரித்தார் பாருங்கள், பீடி வாயிலிருந்து விழுந்து கடலோடு போனது. அவருக்குக் கச்சான் என்றால் மேல்காற்று. வடக்கிலிருந்து வருவது வாடை, கிழக்கிலிருந்து கொண்டல், தெற்கிலிருந்து சோழகம், மேற்கிலிருந்து கச்சான். ஆடி மாதத்தில் நிலத்தைக் காயவைத்துக்கொண்டு கரையிலிருந்து கடலை நோக்கி அடிக்கும். கடலை விற்பவனைக் கடலில் தேடிய ஆள் என்று அன்றைக்கு எத்தனை வீடுகளில் என் கதை ஓடியதோ.

"எஞ்சின் நின்னுட்டா எங்கீங்க போவோம்?"

"கச்சான் கொண்டு போற பக்கம். அந்தமான், பர்மா."

"எங்க ஊர்ப் பக்கம் போகாதுங்களா?"

"அதுக்குச் சோழகம் எழும்ப வேணும்."

அதன்பிறகு கால் நீட்டி உட்காரவில்லை.

தீவில் புறாக்கள் இருந்தன. மாடப்புறா. சேலம் சுகவனேசுவரர் கோயில் கோபுரத்தில் உட்கார்ந்து எச்சம் போடும் அதே சாம்பல் நிறப் புறா. இதற்காகவா பாஸ்போர்ட் எடுத்தோம் என்று முதலில் சலிப்புத்தான். ஆனால் பாறை இடுக்கிலிருந்து அவை கூட்டமாக எழும்பிக் கடலின்மேல் வளைந்து திரும்பியபோது ஒரு விஷயம் உறைத்தது. இதுதான் அவற்றின் சொந்த வீடு. காட்டில் பாறையில் வாழ்ந்த புறாவைத்தான் மனிதன் பழக்கினான். கோபுரத்தை அது பாறை என்று நினைத்துக்கொண்டு குடியிருக்கிறது. வெள்ளைக்காரர் காலத்தில் இந்தத் தீவைக் குறிவைத்துச் சுட்டுப் பழகியிருக்கிறார்கள். 1963-இல் சரணாலயம் ஆனது, 2003-இல் தேசியப் பூங்கா. குண்டு விழுந்த காலத்திலும் புறாக்கள் எப்படியோ தாக்குப்பிடித்திருக்கின்றன.

முழங்கால் தண்ணீரில் நின்றுகொண்டிருந்தேன். இரண்டு முழத்துக்கு ஏதோ ஒன்று, முதுகுத் துடுப்பின் நுனி மட்டும் மையில் தொட்ட மாதிரி கறுப்பு, என் காலருகே திரும்பிப் போனது. சுறா. நான் போட்ட கூச்சலில் பக்கத்தில் நீந்திக்கொண்டிருந்த வெள்ளைக்காரப் பெண் முகமூடியைக் கழற்றிவிட்டுப் பார்த்தாள். போட்டிலிருந்து இவர், "குட்டிச் சுறா அண்ணை, ஒண்டும் செய்யாது. வடிவா இருக்கு, பாருங்கோ" என்றார். வடிவாகத்தான் இருந்தது. கரையேறிய பிறகு பார்க்கும்போது.

சண்டை அங்கேதான் வந்தது. அந்தக் கரையில் மணலைவிட உடைந்த பவளத் துண்டுகள்தான் அதிகம். விரல் போல, எலும்பு போல, சில தேன்கூடு போல. பேரப்பிள்ளைக்கு ஆகட்டும் என்று கைக்கடக்கமாக ஒன்றை எடுத்துக் கால்சட்டைப் பையில் போட்டுக்கொண்டு ஏறினேன். அவர் எஞ்சினைத் தொடவில்லை.

"முருகைக்கல்ல வச்சிட்டு வாங்கோ."

முருகன் கல் என்று என் காதில் விழுந்தது. சாமி கல்லை எடுத்துவிட்டோமோ என்று ஒரு கணம் பதறிப்போனேன். இல்லை, பவளப்பாறைக்கு அங்கே அதுதான் பெயர். ஒரு துண்டுதானுங்க, செத்துக் கிடந்ததுதானுங்க என்றேன். பூங்காவுக்குள்ளிருந்து ஒன்றும் எடுக்கக் கூடாது, சட்டம் என்றார். யாரும் பார்க்கலீங்களே என்றேன். "நான் பாத்தனே" என்றார். எனக்குச் சுரீரென்று வந்துவிட்டது. முழு போட்டுக்கும் காசு கொடுத்தவன் நான், வண்டியை எடுக்கச் சொன்னால் எடுக்க வேண்டியதுதானே என்று சத்தமாகவே கேட்டுவிட்டேன். அவர் குரல் உயரவில்லை. ஒரு காலத்தில் இந்தக் கல்லை வண்டி வண்டியாக எடுத்துச் சூளையில் சுட்டுச் சுண்ணாம்பாக்கினார்கள், எங்கள் ஆட்களும்தான், ஆளுக்கு ஒரு துண்டு என்றுதான் அதுவும் தொடங்கியது என்றார். பாறை போலத் திரளும் பவளம் வருஷத்துக்குச் சுமார் ஒரு சென்டிமீட்டர்தான் வளரும். என் பையில் இருந்தது ஒரு பிள்ளை பிறந்து பள்ளிக்கூடம் போகும் வயது.

கஞ்சமலையை வெட்டி இரும்பு எடுக்கப் போகிறார்கள் என்று பேச்சு வந்தபோது எங்கள் சுற்றுவட்டாரமே எதிர்த்து நின்றது. அப்போது தேநீர்க் கடையில் அதிகம் முழங்கியவர்களில் நானும் ஒருவன். சின்ன வயதில் அதே மலைக் கல்லைப் பொறுக்கிவந்து காந்தத்தில் ஒட்டவைத்து விளையாடியதும் உண்டு. இந்த இரண்டையும் அவரிடம் சொல்லவில்லை. இறங்கிப் போய், எடுத்த இடத்திலேயே வைத்துவிட்டு வந்தேன். எடுத்த இடம் சரியாக நினைவில்லை, இருந்தாலும் தேடி வைத்தேன்.

இந்தப் பஞ்சாயத்தில் அரைமணி போய்விட்டது. கச்சான் வந்துவிட்டது.

போகும்போது கண்ணாடி மாதிரி இருந்த கடல், திரும்பும்போது குட்டைக் குட்டையாக நெருங்கி எழும்பியது. கரை எதிரே தெரிகிறது, காற்று கரையிலிருந்து முகத்தில் அடிக்கிறது. ஒவ்வொரு அலைக்கும் ஒரு குடம் தண்ணீர் என் மேல்தான். நேராக ஓட்டினால் சீக்கிரம் போகலாமே என்று கத்தினேன். அவர் அலைக்குச் சரிவாக வெட்டி வெட்டி, ஏறும்போது வேகத்தைக் கூட்டி இறங்கும்போது குறைத்துக்கொண்டிருந்தார். கண் மட்டும் கரையை விடவில்லை. உயரமான ஒரு பனையும் அதற்கு முன்னால் ஒரு தண்ணீர்த் தொட்டியும். தொட்டிக்குப் பின்னால் பனை மறையும்போதெல்லாம் கை சற்று அசைந்தது. பாவில் ஓர் இழை அறுந்தால் ஆயிரம் இழைகளுக்கு நடுவே எங்கள் பெரியப்பா கண் போய் நிற்குமே, அந்தப் பார்வை. வெட்டிய பிளாஸ்டிக் கேனை என் பக்கம் தள்ளி, "இறையுங்கோ" என்றார். கேப்டன் சொன்னார், இறைத்தேன்.

கரையில் ஒரு வேப்பமர நிழலில் அவர் பார்சலைப் பிரித்தார். பாண் என்கிற ரொட்டி, தேங்காய்ச் சம்பல், வாழையிலையில் சூரைமீன் குழம்பு. மேட்டூர் டேம் கட்லாவைத் தவிர வேறு மீனை மீனென்று மதிக்காத குடும்பம் எங்களுடையது. கடல்மீன் கவிச்சை அடிக்கும் என்று அம்மா சொல்லி வளர்த்தது. பல் வெடவெடக்க நனைந்து உட்கார்ந்திருந்தவனுக்கு அந்தச் சம்பலின் காரம் காது வழியாக ஏறியது. அவர் பங்கில் பாதியைத் தின்றுவிட்டேன். தின்னுங்கோ, தின்னுங்கோ என்றார். 2004 சுனாமியில் அடிபட்ட கரை அது. கேட்க வேண்டும் என்று காலையிலிருந்தே நாக்கு நுனியில் நின்றது. கேட்டேன். "அதை விடுங்கோ" என்று குழம்பை என் பாணில் ஊற்றினார்.

பிறகு அவராகவே சேலைக்கு வந்தார். மகளுக்கு ஆவணியில் கல்யாண எழுத்து, அதாவது கல்யாணப் பதிவு. பிளாஸ்டிக் உறைக்குள் போட்டிருந்ததால் என் போன் பிழைத்திருந்தது. வாட்ஸ்அப்பில் இருந்த படங்களைத் தள்ளித் தள்ளிக் காட்டினேன். கத்தரிப்பூ நிறத்தில் ஒன்றில் அவர் விரல் நின்றது. விலை சொன்னேன். கணக்குப் போட்டார்.

"கழிவு எவ்வளவு?"

எனக்கு மறுபடியும் சுரீரென்றது. எங்களுக்குக் கழிவு என்றால் தறியில் வெட்டி எறிகிற நூல். "கழிவெல்லாம் நம்மகிட்டக் கிடையாதுங்க. எல்லாம் முதல் தரம்."

"கொஞ்சங்கூட இல்லையோ?" முகம் வாடிவிட்டது.

"ஒரு இழைகூட இல்லீங்க. நீங்க பிரிச்சுப் பார்த்து வாங்கலாம்."

"தெரிஞ்ச ஆளுக்குக் கூடவோ?"

"தெரிஞ்ச ஆளுக்குப் போய்க் கழிவு கொடுப்பனுங்களா?"

பக்கத்தில் வலை பிரித்துக்கொண்டிருந்த பையன் விழுந்து விழுந்து சிரித்தான். கழிவு என்றால் தள்ளுபடி என்று அவன்தான் சொன்னான். அதற்குள் ஒரு கிழவி கச்சான் கூடையோடு வந்துவிட்டாள், இது தின்கிற கச்சான். இரண்டு சுருள் வாங்கினேன். தோலை உரித்துக்கொண்டே மறுபடி முதலிலிருந்து விலை பேசத் தொடங்கினோம். நான் ஒரு தொகை சொல்லிவிட்டு வாயை மூடிக்கொண்டு கடலைப் பார்த்தேன். அவரும் கடலைப் பார்த்தார்.