கொல்லிமலையில் ஒரு மீன் விருந்து

கொல்லிமலை என்றதும் தமிழ் பயில்வோர் நெஞ்சில் வல்வில் ஓரி தோன்றுவான். ஒரே அம்பினால் ஐந்து விலங்குகளை வீழ்த்திய அவ்வள்ளலை வன்பரணர் பாடிய புறநானூற்று 152ஆம் பாட்டினை, யாம் இருபது ஆண்டுகளாக வகுப்பில் நடத்தி வருகின்றோம். ஆயினும், ஓரியின் மலையில் சில நாள் தங்கும் வாய்ப்பு சென்ற கோடை விடுமுறையில்தான் எமக்குக் கிட்டியது.

காரவள்ளி அடிவாரத்திலிருந்து 70 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்தால் சோளக்காடு. அங்கே நண்பர் ஒருவரின் வீட்டில் எம் அன்னையார், துணைவியார், மகன் ஆகியோருடன் தங்கினோம். மகன் துபாயிலிருந்து விடுப்பில் வந்திருந்தான். நாமக்கல்லில் ஒன்றரைக் கிலோ எடையுள்ள சங்கரா மீன் ஒன்றை முழுதாக வாங்கிப் பனிக்கட்டியில் வைத்து மலைமேல் கொண்டுவந்தவனும் அவனே.

இங்கு ஓர் உண்மையை ஒளிக்காது உரைத்தல் வேண்டும். எம் மகன் சமையற்காரன். பட்டப்படிப்பைப் பாதியில் விட்டுச் சமையற்கலை பயிலச் சென்றபோது யாம் அவனோடு ஓராண்டு முகங்கொடுத்துப் பேசவில்லை. பின்னர்ப் பேசினோம், எனினும் மனம் ஒப்பவில்லை. நிக்காஹ் வைபவங்களில் பெரியோர்கள், ‘மகன் என்ன செய்கிறார்?’ என்று வினவும்போதெல்லாம், ‘ஓட்டல் நிர்வாகத்தில் இருக்கிறார்’ என்றே விடையிறுத்து வந்தோம். அவ்விடை முழுப் பொய்யன்று; மெய்யும் அன்று. அருகில் நின்று அதனைக் கேட்ட நாளிலும் மகன் ஒரு சொல்லும் மறுத்துரைத்ததில்லை.

அன்று அவன் செய்யவிருந்தது கியூபா நாட்டு முறையில் சுட்ட முழுமீன். தன்னுடன் பணியாற்றிய கியூபா நாட்டு மூத்த சமையற்காரர் கற்றுக்கொடுத்ததாகக் கூறினான். மீனைச் செதில் நீக்கி, குடல் களைந்து, தலையும் வாலும் அகற்றாது, இருபுறமும் மும்மூன்று கீறல் இட்டான். பூண்டு, சீரகம், மிளகு, உப்பு ஆகியவற்றை அம்மியில் நைய அரைத்தான். பிறகு எம்மை நோக்கி, “அத்தா, இதற்குப் புளிப்பு ஆரஞ்சு வேண்டும். அவர்கள் ‘நராஞ்ஹா அக்ரியா’ என்பார்கள். எலுமிச்சையையும் ஆரஞ்சையும் கலந்து ஒப்பேற்றலாம், ஆனால் அந்த மணம் வராது” என்றான்.

‘நராஞ்ஹா’ என்ற அச்சொல் எம் செவியில் புதிதாக ஒலிக்கவில்லை. “சந்தைக்குப் போய் நாரத்தங்காய் வாங்கி வா” என்றோம். அவன் வியந்து நோக்கினான். இரண்டும் ஓரினத்தைச் சேர்ந்த கனிகளே. முற்றும் ஒன்றல்ல எனினும், புளிப்பும் இளங்கசப்பும் நறுமணமும் இரண்டிற்கும் உரியன.

அவன் சந்தையிலிருந்து திரும்பியதும் அச்சொல்லின் பயணத்தை விளக்கினோம். கபிலர் குறிஞ்சிப்பாட்டில் அடுக்கிய 99 மலர்களுள் நரந்தமும் ஒன்று. அதற்கு நாரத்தை என்றும் நறும்புல் என்றும் பொருள் கூறுவர். வடமொழியில் ‘நாரங்க’, பாரசீகத்தில் ‘நாரங்’, அரபியில் ‘நாரஞ்ச்’, ஸ்பானியத்தில் ‘நராஞ்ஹா’ என அச்சொல் நடந்தது. அதன் வேர் திராவிட மொழியினது என்பது மொழியறிஞர் பலரின் கருத்து. கீழ்த்திசையின் புளிப்பு ஆரஞ்சை மத்தியதரைக் கடல் நாடுகளுக்குக் கொண்டுசென்று பயிரிட்டவர்கள் அரபியரே. ஸ்பெயினில் 711ஆம் ஆண்டு தொடங்கிய முஸ்லிம்களின் ஆட்சி, 1492இல் கிரானடாவின் வீழ்ச்சியோடு முடிவுற்றது. அதே 1492இல்தான் கொலம்பஸ் கியூபாவில் கால் பதித்தார். மறு ஆண்டு அவரது இரண்டாம் பயணத்தில் ஆரஞ்சு விதைகளும் கடல் கடந்தன. “நீ கொண்டுவந்த ஜைத்தூன் எண்ணெயும் அப்படித்தான், ஸ்பானியர் எண்ணெயை ‘அசெய்தே’ என்பது ‘அஸ்ஸைத்’ என்னும் அரபுச் சொல்லின் வழிவந்ததே” என்றோம்.

அரைத்த விழுதை நாரத்தைச் சாற்றிலும் ஜைத்தூன் எண்ணெயிலும் குழைத்து மீன்மேல் பூசினான். அரைமணிக்கு மேல் ஊறினால் புளிப்பேறி மீன்தசை விறைத்துவிடும் என்றான். அந்நாட்டார் சிலர் இதில் மதுவும் சேர்ப்பர் என்றும், தான் அதனை விலக்கிச் சாற்றைச் சற்றே கூட்டிக்கொள்வதாகவும் சொன்னான். அயலூரில், எம் கண் காணாத அடுப்படியிலும் மார்க்கம் பேணும் பிள்ளையாக அவன் இருப்பதை அப்போதுதான் அறிந்தோம்.

ஆனால், சோளக்காட்டு வீட்டில் மின்சார அடுப்போ வேகவைக்கும் பெட்டியோ இல்லை. மகன் திகைத்து நின்றான். அதுவரை வாளாவிருந்த அன்னையார், “பிரியாணிக்குத் தம் போடுவது போலப் போட்டால் வேகாதா?” என்றார். உள்ளே ஈயம் பூசிய அகன்ற செப்புத் தேக்சா அவ்வீட்டில் இருந்தது. ஈயம் போன பாத்திரத்தில் புளிப்பை வைத்தால் களிம்பேறும் என்று, விளக்கொளியில் உட்புறத்தைச் சரிபார்த்த பின்னரே அன்னையார் அதனைத் தந்தார். அடியில் உருளைக்கிழங்கு, வெங்காய வில்லைகளைப் பரப்பி, அதன்மேல் மீனைக் கிடத்தினான் மகன். மூடியின் விளிம்பை அன்னையார் மாவினால் அடைத்தார். கீழே மெல்லிய தணல். மூடியின்மேல் கனன்ற கரி. மேலும் கீழும் வெப்பம் சூழ, மீனைப் புரட்டாமலே அது வெந்தது. முக்கால் மணி கழித்து மூடியைத் திறந்தபோது நாரத்தையின் மணம் முற்றம் வரை பரவியது. முதுகெலும்பை ஒட்டிய தடித்த தசை வெண்மையாகி இதழிதழாகப் பிரிந்தது.

அவ்வீட்டைக் காத்துவரும் மலைவாழ் பெரியவரையும் விருந்துக்கு அழைத்திருந்தோம். மகன் தான் அமராது எல்லார்க்கும் முள் நீக்கிப் பரிமாறினான், அன்னையாருக்கு முதலில்.

அக்காட்சியைக் கண்டபோது வன்பரணரின் வேறொரு பாட்டு எம் நினைவில் வந்து நின்றது. புறநானூற்றின் 150ஆம் பாட்டு அது. பசியால் களைத்து மரநிழலில் இருந்த புலவரையும் சுற்றத்தாரையும் வேட்டைக்கு வந்த ஒருவன் கண்டான். தானே தீக்கடைந்து, ஊனைச் சுட்டு, உண்ணக் கொடுத்தான். பெயர் கேட்டும் சொல்லவில்லை. அவனே கண்டீரக் கோப்பெருநள்ளி என்னும் வள்ளல் எனப் பிறகே புலவர் அறிந்தார். அடுப்பு மூட்டியதால் அவன் பெருமை குன்றவில்லை. அதனாலேயே இன்றளவும் நிற்கின்றது. இதனை ஆண்டுதோறும் மாணவர்க்கு விளக்கிய யாம், எம் வீட்டுப் பிள்ளையின் தொழிலைப் பிறர்முன் சொல்ல நாணினோம். பாடம் நடத்தினோம், பாடம் கற்கவில்லை.

உண்டு முடித்த பெரியவர் கை கழுவியவாறே, “தம்பி என்ன வேலை பார்க்குதுங்க?” என்று கேட்டார். மகன் தலை கவிழ்ந்தான். எம் வழக்கமான விடையை அவன் எதிர்பார்த்திருத்தல் வேண்டும்.

“சமையற்காரர். துபாயில் பெரிய சமையற்கூடத்தில் வேலை செய்கிறார்” என்றோம்.

பெரியவர் தலையசைத்து, “நல்ல வேலைங்க” என்றார். அன்னையார் ஒன்றும் சொல்லவில்லை. மகனைத் தம் அருகே அமர்த்தி, மீந்திருந்த மீனை அவன் தட்டில் இட்டார்.

மாணவச் செல்வங்களே! நும் கல்வி நும்மை எத்தொழிலுக்கு அழைத்துச் செல்லினும், அது நேர்மையானதாயின் அதன் பெயரை உரக்கச் சொல்லுங்கள். பெற்றோர்களே, நாமும் அவ்வாறே சொல்லப் பழகுவோம். யாம் சற்றுக் காலந்தாழ்ந்தே பழகினோம்.