கையெழுத்துக்குப் பின்

நண்பர் அடிப்படையில் கவிஞர். 1990களின் இறுதியில் ஒரு படத்துக்குப் பாட்டு எழுத அழைத்தார்கள். மூவாயிரம் ரூபாய் கொடுத்து, நீட்டிய தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். படம் ஓடவில்லை, பாட்டு ஓடியது. ஒருமுறை பேருந்தில் அது ஒலித்தபோது பக்கத்து இருக்கைக்காரர் கூடவே முணுமுணுத்தார். நண்பர் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்தத் தாள்தான் அவரை ஏமாற்றியது என்று வெகுகாலம் நினைத்திருந்தேன். பிறகு படித்தபோதுதான் தாளுக்குப் பின்னால் சட்டமே நின்றது தெரிந்தது. ஐ.பி.ஆர்.எஸ். என்ற படைப்பாளர் சங்கத்துக்கும் திரைப்படத் தயாரிப்பாளர்களுக்கும் நடந்த வழக்கில் 1977இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கூலி கொடுத்துப் படத்துக்காக எழுதவைத்த பாட்டுக்கு, வேறு ஒப்பந்தம் இல்லையென்றால், தயாரிப்பாளரே முதல் உரிமையாளர் என்றது அது.

இந்த நிலை மாற 35 ஆண்டுகள் ஆயின. பாடலாசிரியர் ஜாவேத் அக்தர் மாநிலங்களவை உறுப்பினராக இதற்காக வாதாடினார். 2012இல் பதிப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டது. படம் திரையரங்கில் ஓடும்போது ஒலிக்கும் பாட்டுக்கு ராயல்டி இல்லை. அதே பாட்டு தொலைக்காட்சியிலோ வானொலியிலோ இணையத்திலோ பயன்பட்டால், உரிமையை வாங்கியவரோடு சமமாகப் பங்கிட்டுக்கொள்ளும் ராயல்டி எழுதியவருக்கும் இசையமைத்தவருக்கும் உண்டு. வாரிசுகளுக்கோ படைப்பாளர் சங்கத்துக்கோ அன்றி வேறு எவருக்கும் அதை எழுதிக்கொடுக்க முடியாது. கொடுத்தாலும் செல்லாது. எழுதியவர் மறைந்து 60 ஆண்டுகள் வரை வாரிசுகளுக்கு அது சேரும்.

ஆனால் உரிமை தானாக வீடு தேடி வருவதில்லை. வசூலிக்கும் சங்கத்தில் பெயரும் பாட்டும் பதிவாகியிருக்க வேண்டும்.

நண்பர் 2014இல் ஒரு தொலைக்காட்சித் தொடருக்கு முகப்புப் பாடல் எழுதியிருந்தார். அப்போதும் அதே மாதிரித் தாள், அதே கையெழுத்து. சென்ற மாதம் இதையெல்லாம் விளக்கிச் சொன்னேன்.

"எழுதிக் கொடுத்தாயிற்று, காசும் வாங்கியாயிற்று. மறுபடி போய்க் கேட்பது அழகா?" என்றார்.

"நீங்கள் நினைத்தாலும் கொடுத்துவிட முடியாததைத்தான் கேட்கச் சொல்கிறேன்" என்றேன்.

நெடுநேரம் பேசாமலிருந்தார். பிறகு ஒரு தாளை எடுத்துத் தன் பாடல்களைப் பட்டியலிடத் தொடங்கினார். தொடரின் பாட்டுக்குக் கீழே அந்தப் பேருந்துப் பாட்டையும் எழுதினார். அது பழைய சட்டத்தின் காலத்தது, காசு வருவது உறுதியில்லை என்றேன்.

"இருக்கட்டும். எழுதியது யார் என்றாவது ஓரிடத்தில் பதிவாகட்டும்."