விடுமுறை நாளில் ஒரு டீச்சர்

காய்கறிக் கடையில் தன் டீச்சரைக் கண்டுவிட்ட குழந்தையின் முகத்தை நீங்கள் பார்த்திருக்கிறீர்களா? அம்மாவின் முந்தானைக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளும். டீச்சர் வெண்டைக்காயின் நுனியை ஒடித்துப் பார்ப்பதும், விலை பேசுவதும் அதற்குப் பெரிய அதிர்ச்சி. சாயங்காலம் பள்ளிக்கூடத்தைப் பூட்டும்போது கரும்பலகையோடு சேர்த்து டீச்சரையும் உள்ளே வைத்துப் பூட்டிவிடுகிறார்கள் என்பதுதான் அதன் எண்ணம். வளர்ந்த பிறகும் நம்மிடமிருந்து அந்த எண்ணம் முழுவதும் போய்விடுவதில்லை.

'அபட் எலிமென்ட்டரி' என்ற அமெரிக்கத் தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரில், கிறிஸ்துமஸ் விடுமுறையை வைத்து எடுத்த பகுதியைப் பார்த்தபோது எனக்கு இது தோன்றிற்று. தொடர் ஆரம்பித்தது 2021 டிசம்பர் 7-ஆம் தேதி. இந்தப் பகுதி வந்தது சரியாக ஓராண்டு கழித்து, 2022-இல் அதே தேதியில். பிலடெல்பியா நகரத்தில் ஏழைப் பிள்ளைகள் படிக்கிற ஓர் அரசாங்க ஆரம்பப் பள்ளிதான் களம். பள்ளி கற்பனை, வறுமை கற்பனையல்ல. தொடரை உருவாக்கி, ஜெனீன் என்ற இரண்டாம் வகுப்பு டீச்சராக நடிப்பவர் குவின்டா பிரன்சன். அவருடைய தாயார் அதே ஊரில் பாலர் வகுப்பு ஆசிரியையாக இருந்தவர். பள்ளிக்கு வைத்திருக்கும் பெயரும், ஆறாம் வகுப்பில் தமக்குப் பாடம் சொன்ன டீச்சருடையதுதான்.

இந்தத் தொடரை நான் என் அக்காவோடு உட்கார்ந்து பார்த்தேன். அவள் முப்பது வருஷங்களாக ஆரம்பப் பள்ளி ஆசிரியை. முதல் பகுதியில் வகுப்புக்கு ஒரு தரைவிரிப்பு கிடைப்பதற்காக ஜெனீன் படுகிற பாட்டைக் கண்டு நான் விழுந்து விழுந்து சிரித்தேன். அக்கா சிரிக்கவில்லை. "அமெரிக்காவிலேயும் இதே கதைதானா?" என்றாள். தொடரின் விளம்பரத்துக்கென்று ஒதுக்கிய பணத்தில் ஒரு பங்கை ஆசிரியர்களுக்குப் பள்ளிச் சாமான்கள் வாங்கித் தரச் செலவிட்டார்கள் என்று நான் சொன்ன பிறகுதான் அவளுக்கு அவர்கள்மேல் ஒரு மரியாதை வந்தது.

விடுமுறைப் பகுதிக்கு வருகிறேன். எட்டாம் வகுப்பு முதல் கூடவே இருந்த காதலனை ஜெனீன் பிரிந்து சில மாதங்கள்தான் ஆகின்றன. பள்ளி மூடியாயிற்று, போக்கிடம் இல்லை. தோழியோடு ஹூக்கா புகைக்கும் கேளிக்கை விடுதி ஒன்றுக்குப் போகிறாள். அங்கே கிரிகரி நிற்கிறான். அவனும் அதே பள்ளியில் முதல் வகுப்பு ஆசிரியன். இருவருக்கும் நடுவே சொல்லாத ஒன்று வெகு நாட்களாக இருக்கிறது.

பள்ளியில் இவர்கள் பேசும்போது நடுவில் எப்போதும் ஒரு குழந்தை இருக்கும். அதற்கு மூக்கு ஒழுகும், பென்சில் தொலையும், அடுத்த பிள்ளை கிள்ளிவிட்டான் என்று புகார் இருக்கும். அதன் தலைக்கு மேலாக எதை வேண்டுமானாலும் பேசலாம், பேசாமலும் இருந்துவிடலாம். விடுதியிலோ அந்தக் குழந்தை இல்லை. கைகளை எங்கே வைத்துக்கொள்வது என்றுகூட இவர்களுக்குத் தெரியவில்லை. காதலை இப்படி வாரா வாரம் இழுத்துக்கொண்டு போகிற சாமர்த்தியம் தொடர்கதை எழுதிப் பிழைக்கும் எனக்குப் புதிதல்ல. ஆனாலும் அந்தத் தவிப்பை மட்டும் நான் நம்பினேன்.

அக்கா கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அப்பா போன பிறகு எங்கள் மூவரையும் படிக்கவைத்தது அவள் சம்பளம். கோடை விடுமுறை வந்தால் பழைய காலண்டர் தாள்களின் பின்பக்கத்தில் பழங்களும் பறவைகளும் வரைந்து அடுத்த வருஷத்துக்கு அட்டை தயாரித்துக்கொண்டிருப்பாள். அவளுக்கும் இப்படி ஒரு சாயங்காலம் இருந்திருக்குமா என்று நாங்கள் யாரும் யோசித்ததில்லை.

படம் முடிந்ததும் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே சொன்னாள்:

"அதெல்லாம் சரிடா. ஜனவரியில் பள்ளிக்கூடம் திறந்ததும் தினம் அதே வராந்தாவில் அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டுதானே அவள் நடக்கணும்? அது லேசு இல்லை."

நான் அவளை நிமிர்ந்து பார்த்தேன். அக்கா எழுந்து அடுப்பில் பால் வைக்கப் போய்விட்டாள்.