662: இளங்குரலில் ஒரு பழைய ராகம்

மிசிசிப்பியின் வடபகுதிக்குரிய தொலைபேசிக் குறியீட்டு எண்ணையே பெயராகச் சூட்டி, கிளார்க்ஸ்டேல் நகரத்துக் கிறிஸ்டோன் ‘கிங்ஃபிஷ்’ இங்கிராம், 2021-இல், தமது 22-ஆம் வயதில் வெளியிட்ட ‘662’ ஆல்பத்தை இவ்வாரம் மீண்டும் கேட்டேன். ப்ளூஸ் இசைக்கு இனி வாரிசில்லை என்று விசாரப்பட்டவர்களுக்கு, ஒற்றை ஸ்வரத்தைக் கம்பியோடு வளைத்து இழுத்து, அது அழுது தீரும்வரை விடாமல் பிடித்து நிறுத்தும் அவரது கிதாரே தக்க சமாதானம். 2019-இல் காலமான தாயாருக்கு அஞ்சலியாக அமைந்த ‘ராக் அண்ட் ரோல்’ பாடலிலோ, அந்த ஆவேசம் தணிந்து குரலே பிரதானமாகிறது. 2022-இல் சிறந்த சமகால ப்ளூஸ் ஆல்பத்துக்கான கிராமி விருது இதற்குக் கிட்டியது நியாயமே. ஆயினும், விரல் வித்தையைக் கொண்டாடும் ரசிக உலகம், அந்தக் குரலின் பக்குவத்தைப் போதிய அளவு சிலாகிக்கவில்லை என்பதே என் அபிப்பிராயம்.