எங்கீங்க மாட்டப் போறீங்க?

கோவை கணபதியில் பட்டறைகள் நெருக்கியடித்து நிற்கும் தெரு. அதில் ஒரு லேசர் கட்டிங் கடை. பழுப்புத் தாள் உரிக்காத அக்ரிலிக் ஷீட்டுகள் சுவரோரம் நிற்கின்றன. எதிர்ப்புறம் தகடுகள்: கருத்த எம்.எஸ்., பூப்பூவாய்த் துத்தநாகம் படர்ந்த ஜி.ஐ., நீலப் பிலிம் ஒட்டிய எஸ்.எஸ். உள்ளே இரண்டு மெஷின். சி.ஓ.டூ லேசர் அக்ரிலிக்குக்கும் மரத்துக்கும். ஃபைபர் லேசர் தகடுக்கு. தெளிந்த அக்ரிலிக்கை ஃபைபரில் வைத்தால் ஒளி அதைக் கண்டுகொள்ளாமல் ஊடுருவிப் போய்விடும்.

கடைக்காரருக்கு அறுபது வயது இருக்கும். சட்டைப் பையில் ஒரு பேனா, சின்னதாய் ஒரு காந்தம். மேசையில் வெர்னியர். யார் வந்து எதன் விலையைக் கேட்டாலும் அவர் திருப்பிக் கேட்பது ஒன்றுதான்: “எங்கீங்க மாட்டப் போறீங்க?”

“பேக்கரி வாசலுக்குங்க. நாலடி போர்டு, அஞ்சு எம்.எம். அக்ரிலிக்” என்கிறார் முதலில் வந்தவர்.

“எந்தப் பக்கம் பாத்த கடைங்க?”

“மேக்கு.”

“அப்ப ஓட்டையை ஸ்க்ரூவை விடப் பெருசாப் போடோணும். இறுக்கி முடுக்கிப்போட்டீங்கன்னா விரிசல் விட்டுரும்.”

அவர் சொல்வது கணக்கு. ஒரு மீட்டர் அக்ரிலிக், சூடு 30 டிகிரி ஏறினால் 2 மில்லிமீட்டர் நீளும். அது நகர இடம் வேண்டும்.

அடுத்த கேள்வி: “எழுத்தைச் செதுக்கோணுமா, வெட்டுனாப் போதுமா?” கேட்டுக்கொண்டே இழுப்பறையிலிருந்து இரண்டு துண்டுகளை எடுத்து வைக்கிறார். பார்வைக்கு இரண்டும் ஒன்றுதான். இரண்டிலும் ஒரே எழுத்து செதுக்கியிருக்கிறது. ஒன்றில் பால்வெள்ளையாய்ப் பளிச்சிடுகிறது. மற்றதில் உருகி மங்கலாய்க் கிடக்கிறது. முன்னது காஸ்ட், பின்னது எக்ஸ்ட்ரூடட். செதுக்க முன்னது. வெட்ட மட்டும் என்றால் பின்னது போதும். விலையும் குறைவு, தடிமனும் ஷீட் முழுக்கச் சீராக இருக்கும். பேக்கரிக்காரர் நகத்தால் சுரண்டிப் பார்த்துவிட்டுக் காஸ்ட் என்கிறார். “வெட்டுன ஓரத்தை ஸ்பிரிட் போட்டுத் தொடைச்சுப்போடாதீங்க, மயிரிழை மயிரிழையாக் கீறல் விழும்” என்ற எச்சரிக்கையோடு பில் எழுதப்படுகிறது.

இரண்டாமவர் கையில் எஸ்.எஸ். துண்டு. “ஏனுங்ணா, காந்தம் ஒட்டலை. 304 தானுங்களே?”

கடைக்காரர் தன் காந்தத்தை வெளியே எடுக்கவேயில்லை. 202 ரக எஸ்.எஸ்.ஸிலும் காந்தம் ஒட்டாது. ஒரு குப்பியைத் திறந்து தகட்டில் ஒரு சொட்டு விடுகிறார். ஒன்பது வோல்ட் பேட்டரியைச் சில விநாடி தொட்டுப் பிடிக்கிறார். சொட்டு சிவக்கிறது. மாங்கனீஸ். 304-இல் நிக்கல் 8 சதவீதம் இருக்க வேண்டும். 202-இல் ஏறக்குறைய அதில் பாதிதான், குறைந்ததை ஈடுகட்ட மாங்கனீஸ்.

“எங்கீங்க மாட்டப் போறீங்க?”

“நாகப்பட்டினத்துல மச்சான் ஊட்டு கேட்டுக்குங்க. கடல் பக்கம்.”

“அப்ப 304 கூடப் பத்தாது. 316 போடுங்க.” உப்புக் காற்றைத் தாங்குவதற்கென்றே 2, 3 சதவீதம் மாலிப்டினம் சேர்ந்த ரகம் அது. விலையைக் கேட்டதும் வந்தவர் மச்சானுக்குப் போன் போட வெளியே போகிறார்.

ஒரு கல்லூரி மாணவி வெள்ளை ஷீட் ஒன்றை நீட்டுகிறாள். ரோபோவுக்குப் பல்சக்கரம் வெட்ட வேண்டுமாம். கடைக்காரர் ஷீட்டைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறார். ஒரு செப்புக் கம்பியை கேஸ் அடுப்பில் பழுக்கக் காய்ச்சி, ஷீட்டின் மூலையில் தொட்டு, மறுபடி நெருப்பில் காட்டுகிறார். சுடர் பச்சையாகிறது.

“வேண்டாம் கண்ணு. இது பி.வி.சி. மெஷின்ல வெச்சா ஆசிட் புகை வரும்.”

பி.வி.சி.யில் குளோரின் உண்டு. லேசர் பட்டால் ஹைட்ரஜன் குளோரைடு கிளம்பும். நுரையீரலுக்கும் கேடு, மெஷினின் தண்டவாளமும் துருவேறும். அவளுக்கு மூலையிலிருந்த 3 எம்.எம். அக்ரிலிக் துண்டு கிடைக்கிறது. கூடவே அவள் கேட்ட அலுமினிய பிராக்கெட்டுக்கும் யோசனை: “வளைக்கோணும்னா 5052. 6061-டி6 கெட்டி, கூர்மையா மடிச்சா வெடிச்சுப்போகும்.”

காண்டிராக்டர் ஒருவர் அவசரத்தில் நுழைகிறார். கையில் வரைபடம், பேனல் பெட்டிக்கு “18 கேஜ்” என்று போட்டிருக்கிறது. “16-ஐ விடத் தடிமனா இருக்கட்டும்னு 18 போடச் சொன்னேன்” என்கிறார். கடைக்காரர் பேசாமல் இரண்டு துண்டுகளில் வெர்னியரை வைத்துக் காட்டுகிறார். 16 கேஜ் 1.6 எம்.எம்., 18 கேஜ் 1.2 எம்.எம். எண் ஏற ஏறத் தகடு மெலியும். “இனிமே கேஜ் எழுதாதீங்க, எம்.எம். எழுதுங்க.” 8-க்கு 4 அடி எம்.எஸ். ஷீட் 16 கேஜில் ஏறக்குறைய 37 கிலோ. 18 என்றால் 28. சுமக்கிற ஆளுக்கும் இது தெரிந்திருக்க வேண்டும்.

“பவுடர் கோட்டிங் போகுதுங்களா?”

“ஆமாங்க.”

“ஆக்சிஜன்ல வெட்டுன ஓரத்தை உரசி எடுத்துட்டு அனுப்புங்க.” ஆக்சிஜன் வெட்டு ஓரத்தில் ஆக்சைடு படலத்தை விட்டுச் செல்லும், அதன்மேல் பூசியது பட்டை பட்டையாய் உரியும்.

வாங்கப் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. பொருள் எங்கே நிற்கும், வெயிலோ உப்புக் காற்றோ படுமா, வளைக்க வேண்டுமா, மேலே என்ன பூசப் போகிறீர்கள் என்பதை எழுதிக்கொண்டு போங்கள். தடிமனை மில்லிமீட்டரில் குறியுங்கள். இதில் ஒன்றைக்கூட விசாரிக்காமல் கடைக்காரர் விலை சொன்னால், அடுத்த கடையைப் பாருங்கள்.