வெள்ளைக் கப்பலும் டவுன் பஸ் கணக்கும்

நாகர்கோவிலில் வீடு வைத்திருப்பவனுக்கு ஆண்டவன் கொடுத்த சம்பளமில்லாத உத்தியோகம் ஒன்று உண்டு. சென்னையிலிருந்து வருகிற நண்பர்களைக் கன்னியாகுமரிக்குக் கூட்டிப் போய் சூரியனைக் காட்டுவது. சூரியன் மேகத்துக்குள் புகுந்துவிட்டால் திட்டு நமக்குத்தான்!

போன மாதம் அப்படித்தான். ஒரு நண்பன் வந்தான். பாங்க் உத்தியோகம். 133 அடி வள்ளுவரையே அரை நிமிடம்தான் பார்த்தான். அப்புறம் தூரத்தில் கைகாட்டி, "மச்சான், அது என்ன டூரிஸ்ட் கப்பலா?" என்றான்.

வெள்ளை உடம்பு. மூக்குப் பக்கம் சாய்வாக ஒரு காவிப் பட்டை, ஒட்டி ஒரு நீலப் பட்டை.

"கோஸ்ட் கார்டுடா."

"சாம்பல் கலர்ல இல்லையே?"

"அது கடற்படை. அவங்களுக்கு மறைஞ்சு நிக்கணும். இவங்களுக்குக் கண்ணுல பட்டாத்தான் வேலை."

பெயரைப் படிக்க முடியாத தூரம். ஆனால், இந்த வகைக் கப்பல்களைப் பற்றி நான் கொஞ்சம் படித்து வைத்திருந்தேன். விடுவேனா? நண்பனுக்கு வகுப்பே எடுத்துவிட்டேன்.

இதற்கு ஆழ்கடல் ரோந்துக் கப்பல் என்று பெயர். இந்தியக் கடலோரக் காவல் படை 1978-ல் முறையாகப் பிறந்தது. 1983-ல் 'விக்ரம்' என்ற முதல் பெரிய ரோந்துக் கப்பல் சேர்ந்தது. விஜயா, வீரா, வராஹா, வஜ்ரா என்று பின்னால் தம்பிகள். அப்புறம் 2018-லிருந்து புது வரிசை. பழைய பெயர்களே திரும்ப வந்தன. தாத்தா பெயரைப் பேரனுக்கு வைக்கிற மாதிரி!

புதிய விக்ரம் வரிசையில் ஏழு கப்பல்கள். சென்னைக்கு அருகே காட்டுப்பள்ளியில் எல் அண்ட் டி கட்டியவை. நீளம் சுமார் 98 மீட்டர், எடை ஏறத்தாழ 2,100 டன். ஒரு 30 மி.மீ. பீரங்கி, ஹெலிகாப்டர் இறங்க மேடை. நடுவில் எண்ணெய் நிரப்பாமல் 5,000 கடல் மைல் போகும். ஆறாவது கப்பலான வஜ்ரா 2021 மார்ச்சில் படையில் சேர்ந்தது. தூத்துக்குடிதான் அதற்கு வீடு என்று அறிவித்தார்கள். சேர்ந்த இரண்டாவது மாதமே கொழும்புக்கு வெளியே 'எக்ஸ்-பிரஸ் பேர்ல்' சரக்குக் கப்பல் தீப்பிடித்தபோது, தண்ணீர் பீய்ச்சி அணைக்கப் போன கப்பல்களில் அதுவும் ஒன்று.

"வேகம்?" என்றான் நண்பன்.

"26 நாட். மணிக்கு 48 கிலோமீட்டர்."

"இவ்வளவுதானா? நம்ம டவுன் பஸ்ஸே போகுமே!"

எனக்கு முகம் சுண்டிவிட்டது.

மறுநாள் மார்த்தாண்டம் போய், அங்கிருந்து பஸ் மாறித் தேங்காப்பட்டணம் துறைமுகம் போனோம். தூத்தூர், சின்னத்துறை, வள்ளவிளை பக்கத்து ஆட்கள் ஆழ்கடலில் சுறா பிடிப்பதில் பெயர் பெற்றவர்கள். 200 கடல் மைல் தாண்டியும் போவார்கள். நாகர்கோவிலிலிருந்து கிட்டத்தட்ட திருச்சி தூரம், தண்ணீரிலே! ஒரு தடவை போனால் வாரக்கணக்கில் கடல்தான் வீடு.

தூண்டில் கயிறு சரிபார்த்துக்கொண்டிருந்த பெரியவரிடம் நண்பன் அதே டவுன் பஸ் ஜோக்கைச் சொன்னான். அவர் சிரிக்கவில்லை.

"பஸ்ஸு வேகம் போதும் மக்கா. ஆனா எங்க போவணும்னு தெரிஞ்சாத்தான பஸ்ஸு போவும்?"

கயிற்றைக் கீழே வைத்தார்.

"ஓகி வரும்போ எனக்க அண்ணன் மவன் கடல்ல. போயிப் பத்து நாளாச்சு. புயலுண்ணு கரையில சொன்னது அவனுக்கு எப்பிடித் தெரியும்? கப்பலு தேடிச்சு, பிளேனு தேடிச்சு. எங்க கெடக்கான்னு ஆருக்குத் தெரியும்?"

2017 நவம்பர் 30. நாகர்கோவிலில் எங்களுக்கெல்லாம் அன்று மரம் விழுந்தது, கரண்ட் போனது, அவ்வளவுதான். இந்தக் கரையில் நூற்றுக்கும் மேற்பட்ட வீடுகளில் ஆளே திரும்பவில்லை. தேடச் சொல்லிக் குழித்துறை ரயில் நிலையத்தில் தண்டவாளத்தில் உட்கார்ந்தார்கள் ஜனங்கள்.

திரும்பும்போது பஸ் டிக்கெட்டின் பின்னால் கணக்குப் போட்டேன். பி.காம். படித்ததற்கு அதுவாவது செய்யவேண்டாமா?

படகு நிற்கிற புள்ளி தெரிந்தால், 50 கிலோமீட்டர் தூரத்தில் இருக்கும் வெள்ளைக் கப்பல் ஒரு மணி நேரத்தில் பக்கத்தில் வந்துவிடும். 'இங்கிருந்து 50 கிலோமீட்டருக்குள் எங்கேயோ' என்று மட்டும் தெரிந்தால்? தேடவேண்டிய வட்டம் சுமார் 7,850 சதுர கிலோமீட்டர். நம் குமரி மாவட்டமே 1,672-தான். நாலரை மாவட்டத்துக்கும் மேலே, அலைக்கு நடுவே, ஒவ்வொரு அங்குலமாகப் பார்க்கவேண்டும். நீரோட்டம் படகை இழுக்க இழுக்க வட்டம் வேறு பெரிதாகும்.

கப்பல் மெதுவாகப் போவதில்லை. சேதிதான் மெதுவாக வருகிறது.

அதற்கும் வழி இருக்கிறது. இஸ்ரோ உருவாக்கிய அபாய அறிவிப்புக் கருவியில் பொத்தானை அமுக்கினால், படகு இருக்கிற இடம் செயற்கைக்கோள் வழியாகக் கரைக்கு வந்து, கடலோரக் காவல் படையின் மீட்பு மையத்துக்குப் போய்ச் சேரும். புதிய வகைக் கருவியில் கரையிலிருந்து புயல் எச்சரிக்கையும் படகுக்குப் போகும். கரையில் இருப்பவர்கள் கூப்பிட 1554 என்ற நம்பர் இருக்கிறது. 98 மீட்டர் கப்பலுக்குக் கண் கொடுப்பது, கையில் அடங்குகிற ஒரு டப்பா!

பெரியவர் வீட்டில் காலண்டர் பக்கத்தில் ஒரு நோட்டு தொங்குவதாகச் சொன்னார். எந்தப் படகு, என்ன நம்பர், யார் யார், எந்தத் திசை, என்றைக்குத் திரும்புவார்கள்... கிளம்புமுன் எழுதிவிட்டுத்தான் மகன் படியிறங்கவேண்டுமாம். எழுதாமல் போனால் மருமகள் விடமாட்டாளாம்.

அன்று ராத்திரி நண்பனை ரயிலேற்றினேன். வண்டி நகரும்போது ஜன்னல் வழியாக அவன் போனில் பேசுவது கேட்டது.

"எஸ் ஃபோர் கோச், சீட்டு இருபத்தி மூணு, காலையில எழும்பூர்... அட, சும்மா எழுதி வைம்மா!"