அன்னிய சுரம்

பெஹாலாவில், டயமண்ட் ஹார்பர் சாலையிலிருந்து பிரியும் ஒரு சந்தில் எங்கள் குடும்பம் பல ஆண்டுகள் குடியிருந்தது. தந்தையார் தாராத்தலாவில் ஒரு தொழிற்சாலையில் கணக்கராக இருந்தார். கல்கத்தாத் தமிழர் பெரும்பாலோர் லேக் மார்க்கெட்டைச் சுற்றி வாழ்ந்த காலம் அது. நாங்களோ காபிப்பொடிக்கும் கறிவேப்பிலைக்கும் கூட அங்கே போய்வர வேண்டியிருந்தது. சந்து முழுவதும் வங்காளிகள். நடுவே ஒரு தமிழ் வீடு. அந்த வீடு தமிழ் வீடுதான் என்பதற்கு அடையாளம், மாலை நேரத்தில் அம்மா பாடும் பாட்டு.

அம்மா முறையாகச் சங்கீதம் கற்றவர். சுருதிப்பெட்டியை முன்னே வைத்துக்கொண்டு அமர்ந்துவிட்டால், தெருவின் இரைச்சலெல்லாம் எங்கோ போய்விடும். தம்பிக்கும் எனக்கும் அவரே குரு. எனக்குக் குரல் வாய்க்கவில்லை. தம்பிக்கு வாய்த்தது, ஆனால் அவன் மனம் வேறொரு திசையில் சென்றது.

பெஹாலாவுக்கும் மேலைச் சங்கீதத்துக்கும் ஓர் உறவு உண்டு என்பதை நம்மவரில் அறிந்தோர் சிலரே. 1880-இல் கல்கத்தாவில் பணி தொடங்கிய ஆக்ஸ்போர்டு மிஷனுக்குப் பெஹாலாவிலும் ஒரு வளாகம் உண்டு. அங்கே பாதிரியார் தியடோர் மேத்தீசன் ஏழைச் சிறுவர்களின் கையில் வயலினையும் செல்லோவையும் கொடுத்து, ஒரு வாத்தியக் குழுவையே உருவாக்கினார். அவரிடம் பயின்ற அனூப் குமார் பிஸ்வாஸ் பின்னாளில் லண்டனில் செல்லோ வித்வானாகப் பெயர் பெற்று, 1994-இல் தம் குருவின் பெயரால் ஓர் இசைப்பள்ளியும் தொடங்கினார். அந்தக் காற்று எங்கள் சந்து வரை வீசியது போலும். 1974-இல், பதின்மூன்று வயதில், தம்பி மேலை முறையில் வயலின் கற்கத் தொடங்கினான். ஆசிரியர் வயதான ஒருவர். பகலில் பிள்ளைகளுக்குக் கற்பிப்பார். இரவில் பார்க் தெரு உணவு விடுதிகளில் ஜாஸ் குழுவினரோடு வாசிப்பார். ஜாஸ் கல்கத்தாவுக்குப் புதிதன்று. அமெரிக்கப் பியானோ வித்வான் டெடி வெதர்ஃபோர்டு இந்நகரத்தில் வாசித்து, இங்கேயே 1945-இல் காலமானவர்.

அந்த ஆசிரியர் முதலில் கொடுத்த பயிற்சிகளுள் ஒன்று ‘குரோமாட்டிக்’ வரிசை. சட்ஜத்திலிருந்து மேல் சட்ஜம் வரை, பன்னிரண்டு சுரத்தானங்களில் ஒன்றையும் விடாமல் ஏறி இறங்குவது. அதைத் தம்பி நாள்தோறும் ஒரு மணி நேரம் இழைப்பான். சமையற்கட்டிலிருந்து அம்மா ஒருநாள் சிரித்துக்கொண்டே சொன்னார்: “எல்லாப் படியிலும் காலை வைக்கிறான், எந்தப் படியிலும் உட்கார மாட்டேன் என்கிறானே!”

அம்மா சொன்னது அவ்வளவுதான். அதை ஆணையாக மாற்றியவன் நான்.

அப்போது எனக்குப் பத்தொன்பது வயது. வெளியில் வங்காளி பேசி, கல்லூரியில் ஆங்கிலம் பேசி, வீட்டுக்குள் மட்டும் தமிழனாக இருந்தவன். கையிருப்புக் குறைந்தவன்தானே பெட்டியை அடிக்கடி பூட்டிப் பார்ப்பான்! நம் சங்கீதமும் கைவிட்டுப் போனால் நம்மிடம் மிஞ்சுவது என்ன என்ற அச்சம் எனக்கு. ஒரு மாலை ஆசிரியரின் வீட்டுக்குப் போனேன். “அம்மாவுக்கு இது விருப்பமில்லை; தம்பி இனி வரமாட்டான்” என்றேன். தம்பியிடமும் அதையே சொன்னேன். அம்மாவின் பெயரைச் சொன்னதால் அவன் மறுபேச்சுப் பேசவில்லை. இரவல் வயலினைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வந்தான். அம்மா கேட்டபோது, “படிப்பு அதிகம்” என்று மட்டும் சொன்னான். நான் அருகில்தான் இருந்தேன், வாய் திறக்கவில்லை.

அன்று நான் அறியாதவை பல. ‘குரோமா’ என்னும் கிரேக்கச் சொல்லுக்கு நிறம் என்பது பொருள். நம்முடைய ‘ராகம்’ என்னும் சொல்லும் நிறமூட்டுதல் என்னும் வேரிலிருந்தே பிறந்தது. ஏழு சுரம் கொண்ட ஒரு வரிசை கோலத்தின் வெள்ளைக் கோடு என்றால், இடையிடையே வந்து போகும் மற்ற ஐந்தும் அதற்கு இடும் வண்ணப்பொடி. இங்கிலாந்தின் பர்செல் சுமார் 1689-இல் இயற்றிய ‘டைடோவும் ஏனியாஸும்’ இசை நாடகத்தில், இறக்கப்போகும் அரசியின் புலம்பலுக்கு அடியில் மந்தர நாதம் அரைச்சுரம் அரைச்சுரமாக இறங்கிக்கொண்டே இருக்கும். மொழி அறியாதவருக்கும் அது துயரம் என்று விளங்கிவிடும். மொசார்ட்டின் நாற்பதாவது சிம்பொனி அரைச்சுரப் பெருமூச்சில்தான் தொடங்குகிறது. அந்த மெட்டைத்தான் கல்கத்தாவின் சலில் சௌத்ரி 1961-இல் ஓர் இந்திப் பாட்டாக்கினார். ‘அழியாத கோலங்கள்’ என்ற நம் தமிழ்ப் படத்துக்கு 1979-இல் இசையமைத்தவரும் அவரே.

நமக்கும் இந்தப் பன்னிரண்டு அன்னியமல்ல. பன்னிரண்டு தானங்களுக்குப் பதினாறு பெயர் வைத்தவர்கள் நாம். சதுச்சுருதி ரிஷபம் நிற்கும் இடமே சுத்த காந்தாரத்துக்கும் இடம். எங்கிருந்து வந்து எங்கே போகிறது என்பதைக் கொண்டு பெயர் மாறும். மேலைநாட்டாரும் ஒரே கட்டைக்கு, ஏறும்போது ஒரு பெயரும் இறங்கும்போது ஒரு பெயரும் இடுகிறார்கள். தஞ்சை ஆபிரகாம் பண்டிதர் ‘கருணாமிர்த சாகரம்’ என்ற பெருநூலை 1917-இல் வெளியிட்டு, சிலப்பதிகாரத்தின் பாலைகளைக் கொண்டே சுருதிக் கணக்கை ஆராய்ந்தார். அந்நூலை அக்காலத்தில் நான் புரட்டியிருந்தால், ஆசிரியரின் வீட்டுக்குப் போயிருக்க மாட்டேன்.

1991, நவராத்திரி. தம்பி ஜாம்ஷெட்பூரில் பொறியாளர், விடுமுறைக்கு வந்திருந்தான். அம்மா என் மகளுக்குக் காம்போதி சொல்லிக்கொண்டிருந்தார். “இது ஹரிகாம்போதியின் பிள்ளை. ஆகவே இதற்குரியது கைசிகி நிஷாதம். ஆனால் ‘ச நி ப த ச’ என்று பிடிக்கும்போது மட்டும் காகலி நிஷாதம் வரும். அது அன்னிய சுரம். வேற்றூர்க்காரன்தான், ஆனால் அவன் வந்தால்தான் காம்போதிக்கு முகம் மலரும்” என்றார்.

தம்பி நிமிர்ந்து உட்கார்ந்தான். “அம்மா, ஜாஸிலும் இதேதான். ஹரிகாம்போதியின் ஏழு சுரத்தை எடுத்துக்கொண்டு காகலி நிஷாதத்தையும் சேர்த்துக்கொள்வார்கள்” என்று சொல்லிவிட்டு, தொடையில் தாளம் போட்டு மேலிருந்து பாடினான்: சட்ஜம், காகலி நிஷாதம், கைசிகி நிஷாதம், தைவதம், பஞ்சமம், மத்யமம், காந்தாரம், ரிஷபம். “ஏழு சுரத்தை நான்கு அடிக்குள் இரண்டிரண்டாகப் பாடினால் ஒன்று குறையும். இந்த வேற்றூர்க்காரனைச் சேர்த்தால் எட்டு. அப்போது ச, நி, ப, க என்று முக்கியமான சுரங்கள் எல்லாம் அடியின் மேல் சரியாக விழும். சார்லி பார்க்கர் தலைமுறை கண்ட வழி இது. இன்னொன்றும் உண்டு. காந்தாரத்தில் போய் நிற்க வேண்டுமானால் நேரே போகமாட்டார்கள். மேலே மத்யமத்தைத் தொட்டு, கீழே சாதாரண காந்தாரத்தைத் தொட்டு, பிறகு நடுவில் வந்து உட்காருவார்கள்.”

அம்மா அதையே ஒருமுறை பாடிப் பார்த்தார். கமகம் இல்லாமல் பாட அவருக்கு வரவில்லை, இருவரும் சிரித்தார்கள். பிறகு அம்மா, “இவ்வளவு தெரிந்தவன் வயலினை ஏனடா விட்டாய்?” என்று கேட்டார்.

“நீங்கள் வேண்டாம் என்றீர்களே அம்மா.”

“நானா?”

அம்மா என்னைப் பார்த்தார். தம்பியும் பார்த்தான். கொலுவின் விளக்குகளை நான் பார்த்தேன். அம்மா ஒன்றும் கேட்கவில்லை. “வயலினே வேற்றூரிலிருந்து வந்ததுதான். பாலுசுவாமி தீட்சிதர் அதைக் கையில் எடுத்தபோது, தமையனார் முத்துசுவாமி தீட்சிதர் தடுக்கவில்லை” என்று சொல்லிவிட்டுக் குழந்தையின் பாடத்தைத் தொடர்ந்தார்.

அன்றிரவு மாடியில் தம்பியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். நெடுநேரம் பேசாமல் இருந்தான். “பதினேழு வருஷம் அம்மாவின் மேல் கோபமாக இருந்தேன் அண்ணா. அதைத் திருப்பித் தர முடியுமா?” என்றான். என்னிடம் பதில் இல்லை, இன்றும் இல்லை. வயலின் ஒன்று வாங்கித் தருகிறேன் என்றேன். விரல்கள் மறந்துவிட்டன என்றான். ஆனால் அதற்குப் பிறகு, அம்மா மறையும் வரை, ஒவ்வொரு மாதமும் ஜாம்ஷெட்பூரிலிருந்து வந்துபோனான்.

சென்ற ஆண்டு பெஹாலாவுக்குப் போயிருந்தேன். சாலையின் நடுவே டிராம் ஓடிய நாள் போய், தலைக்கு மேலே மெட்ரோ ரயில் ஓடுகிறது. எங்கள் வீடு இருந்த இடத்தில் அடுக்குமாடி. சந்தின் முனையில் நின்றபோது, அந்தப் பன்னிரண்டு படிகளும் காதில் ஏறி இறங்கின.

வேற்று மண்ணில் பிள்ளை வளர்க்கும் நம்மவர்க்கு நான் சொல்லக்கூடியது ஒன்றே. வீட்டில் புதியதொரு சுரம் கேட்டால், அபசுரம் என்று உடனே கதவைச் சாத்திவிட வேண்டாம். அது எங்கே போய் நிற்கிறது என்று சற்றுப் பொறுத்துக் கேளுங்கள். வங்காளத்துக்கு நாமும் அன்னிய சுரமாகத்தானே வந்து சேர்ந்தோம்!